தோலால் சுவாசிக்கும் உயிர்கள்

நுழையும் முன்

ஜூன் மாதத்தில் முதல் மழை பெய்ததும் மும்பையில் நீர் தேங்கிய இடங்களிலெல்லாம் தவளைகளின் குரல் கேட்கத் தொடங்கும். தவளையை நாம் அனைவரும் அறிவோம். ஆனால் தவளைக்கு வாலுள்ள உறவினர் ஒன்று உண்டு. அதனை மும்பையிலும் காண இயலாது; தமிழ்நாட்டிலும் காண இயலாது. இந்தியாவில் அதனைக் காண வேண்டுமெனில் இமயமலையின் கிழக்குப் பகுதிக்கும் வடகிழக்கு மாநிலங்களுக்கும் செல்ல வேண்டும். அவ்வுயிரின் பெயர் சாலமாண்டர். அதன் வாழ்க்கை முறையையும், அது நம் மலைகளில் இல்லாமைக்குரிய காரணத்தையும் இப்பாடத்தில் அறிவோம்.

பல்லியா? தவளையா?

சாலமாண்டரை முதன்முதலில் காண்போர் அதனைப் பல்லி என்றோ அரணை என்றோ எண்ணுவர். நீண்ட உடல், நான்கு கால்கள், வால் ஆகியவை அவ்வாறு எண்ணச் செய்கின்றன. ஆயினும் அது பல்லியினம் அன்று. பல்லியின் உடலைச் செதில்கள் மூடியுள்ளன. சாலமாண்டருக்குச் செதில்கள் இல்லை. அதன் தோல் மென்மையானது, ஈரமானது. பல்லியின் விரல்களில் நகங்கள் உண்டு. பெரும்பாலான சாலமாண்டர்களுக்கு நகங்கள் இல்லை. பல்லியின் முட்டைக்கு ஓடு உண்டு. சாலமாண்டரின் முட்டை தவளையின் முட்டையைப் போலக் கூழ்போன்ற உறையால் மட்டுமே சூழப்பட்டிருக்கும்.

நீரிலும் நிலத்திலும் வாழும் இத்தகைய முதுகெலும்பு உயிரிகளை இருவாழ்விகள் என்பர். அவை மூவகைப்படும். தவளையும் தேரையும் முதல் வகை. வாலுள்ள சாலமாண்டர்கள் இரண்டாம் வகை. கால்களே இல்லாத சிசிலியன்கள் மூன்றாம் வகை.

பிறப்பும் வளர்ச்சியும்

சாலமாண்டர்கள் பல நீரில் முட்டையிடுகின்றன. முட்டையிலிருந்து வெளிவரும் இளவுயிரிக்குக் கழுத்தின் இருபுறமும் இறகு போன்ற செவுள்கள் நீட்டிக்கொண்டிருக்கும். தவளையின் தலைப்பிரட்டைக்கு முதலில் பின்னங்கால்கள் வெளித்தோன்றும். சாலமாண்டரின் இளவுயிரிக்கோ முன்னங்கால்களே முதலில் முளைக்கும். வளர்ந்தபின் தவளை தன் வாலை இழந்துவிடுகிறது. சாலமாண்டர் அதனை இழப்பதில்லை. செவுள்கள் மறைந்து, உருமாற்றம் முடிந்ததும் அது நிலத்தில் வாழத் தொடங்குகிறது. மண்புழு, பூச்சி, நத்தை முதலியன அதன் உணவு.

சாலமாண்டரிடம் வியப்பூட்டும் ஆற்றல் ஒன்று உண்டு. அதன் கால் துண்டிக்கப்பட்டால், எலும்பும் தசையும் நரம்பும் கொண்ட புதிய கால் அவ்விடத்தில் வளர்ந்துவிடும். இதனை இழப்பு மீட்டல் என்பர். பல்லிக்கும் வால் மீண்டும் வளரும். ஆனால் கால் வளராது. மனிதரின் காயங்களை ஆற்றும் வழிகளைத் தேடும் அறிவியலாளர்கள் சாலமாண்டரை ஆராய்வதற்கு இதுவே காரணம்.

தோலே நுரையீரல்

இருவாழ்விகளின் தோல் நீரையும் காற்றையும் ஊடுருவ விடும். தோலின் அடியில் நுண்ணிய இரத்தக் குழாய்கள் நெருக்கமாக அமைந்துள்ளன. தோலின் ஈரத்தில் கரையும் உயிர்வளி அக்குழாய்களை அடைகிறது. சாலமாண்டர்களுள் மிகப்பெரிய குடும்பம் ஒன்றைச் சேர்ந்தவற்றுக்கு நுரையீரலே இல்லை. அவை தோலாலும் வாயின் உட்பகுதியாலும் மட்டுமே சுவாசிக்கின்றன. தோல் உலர்ந்தால் அவற்றால் மூச்சுவிட இயலாது. ஆகவே அவை ஈரமான இலைச்சருகுகளுக்கு அடியிலும் கற்களின் இடுக்கிலும் பகற்பொழுதைக் கழித்து, இரவில் வெளிவருகின்றன.

நன்மை தரும் இத்தோலே அவற்றுக்கு ஆபத்தையும் தருகிறது. நீரில் நஞ்சு கலந்தால் அது தோல் வழியே உடலுக்குள் புகுந்துவிடும். எனவே, ஓரிடத்தில் இருவாழ்விகள் குறைந்தால், அங்குள்ள நீரையும் மண்ணையும் ஆராய வேண்டும் என்பர் அறிஞர்.

எத்தனை வகை!

உலகில் 700-க்கும் மேற்பட்ட சாலமாண்டர் இனங்கள் உள்ளன. சீனப் பெருஞ்சாலமாண்டர் ஏறத்தாழ 1.8 மீட்டர் நீளம் வரை வளரும். மெக்சிகோவில் வாழும் மிகச் சிறிய இனம் ஒன்று வால் உட்பட 3 செ.மீ. அளவினதே. ஐரோப்பாவின் இருண்ட குகைகளில் வாழும் ஓல்ம் என்பதற்குப் பார்வை இல்லை. அது மணத்தாலும் நீரின் அசைவாலும் இரையை அறிகிறது.

மெக்சிகோ நகரத்தின் சோச்சிமில்கோ வாய்க்கால்களில் வாழும் ஆக்சலாட்டல் உருமாற்றம் அடையாமலேயே முதிர்ச்சியடைகிறது. வாழ்நாள் முழுதும் செவுள்களுடன் நீரிலேயே வாழ்கிறது. ஆய்வகங்களில் இது பெருமளவில் வளர்க்கப்படுகிறது. ஆனால் தன் சொந்த வாய்க்கால்களில் அழியும் நிலையில் உள்ளது. பெருநகரின் கழிவுநீரும், வெளியிலிருந்து கொண்டுவந்து விடப்பட்ட கெண்டை, திலாப்பியா ஆகிய மீன்களும் அதற்குக் காரணங்கள்.

இந்தியாவின் சாலமாண்டர்

மேற்கு வங்கத்தின் டார்ஜிலிங் மலைகளில் இமாலயச் சாலமாண்டர் வாழ்கிறது. கரும்பழுப்பு நிறமும், முதுகின் இருபுறமும் வரிசையாக அமைந்த புடைப்புகளும் இதன் அடையாளங்கள். குளிர்காலத்தில் இது கற்களுக்கும் மரக்கட்டைகளுக்கும் அடியில் உறங்கிக் கிடக்கும். மழை தொடங்கியதும் குளங்களுக்கு வந்து, நீர்த்தாவரங்களில் முட்டையிடும்.

1871-ஆம் ஆண்டில் ஜான் ஆண்டர்சன் என்னும் அறிஞர் பெயரிட்ட இனத்தைச் சேர்ந்ததாகவே இது நெடுங்காலம் கருதப்பட்டது. 2015-ஆம் ஆண்டில்தான் இது தனி இனம் என ஆய்வாளர்கள் விளக்கினர். டார்ஜிலிங் மாவட்டத்தில் ஜோர்போக்ரி என்னும் இடத்தில் இதற்கெனச் சிறிய சரணாலயம் ஒன்று அமைந்துள்ளது. ‘போக்ரி’ என்பது நேபாளி மொழியில் குளத்தைக் குறிக்கும். ‘ஜோர்போக்ரி’ என்றால் இரட்டைக் குளம். குளத்தைத் தூர்த்தால் முட்டையிட இடமில்லை. குளத்தில் வெளியூர் மீன்களை விட்டால் முட்டைகளும் இளவுயிரிகளும் அவற்றுக்கு இரையாகும். எனவே இச்சாலமாண்டரைக் காப்பது என்பது மலைக்குளங்களைக் காப்பதே ஆகும்.

நம் மலையில் ஏன் இல்லை?

மும்பைக்கு அருகிலும் மேற்குத் தொடர்ச்சி மலை உண்டு. திருநெல்வேலிக்கு அருகிலும் அதே மலை உண்டு. மழையும் ஈரமும் நிறைந்த அம்மலையில் தவளை இனங்கள் பல உள்ளன. எனினும் சாலமாண்டர் ஒன்றுகூட இல்லை. ஏன்?

இதற்கு விடை நிலத்தின் வரலாற்றில் உள்ளது. சாலமாண்டர்கள் வடதிசை நிலப்பகுதிகளில் தோன்றிப் பரவியவை. இந்திய நிலப்பகுதியோ முற்காலத்தில் ஆப்பிரிக்காவுடன் சேர்ந்து, கோண்டுவானா என்னும் தென்பெருநிலத்தின் பகுதியாக இருந்தது. பின்னர் அது பிரிந்து வடக்கு நோக்கி நகர்ந்து, ஏறத்தாழ 5 கோடி ஆண்டுகளுக்கு முன் ஆசியாவுடன் மோதியது. அம்மோதலால் இமயமலை எழுந்தது. ஆசியாவிலிருந்து சாலமாண்டர்கள் கிழக்கு இமயம் வரை வந்தன. ஈரத்தை நம்பி வாழும் அவை வெப்பம் மிகுந்த சமவெளிகளைக் கடந்து தெற்கே வரவில்லை.

கண்டாலாவின் காலிலி

வடக்கிலிருந்து சாலமாண்டர் வரவில்லை. ஆனால் நகர்ந்து வந்த நிலத்திலேயே பயணம் செய்து வந்த இருவாழ்வி ஒன்று உண்டு. அதுவே சிசிலியன். அதற்குக் கால்கள் இல்லை; கண்கள் மிகச் சிறியவை; உடலில் மண்புழுவைப் போன்ற வளையங்கள் உள்ளன. மண்ணுக்குள் வாழ்ந்து, மண்புழுக்களையும் கறையான்களையும் உண்ணும். சிலவற்றின் தாய் தன் முட்டைகளைச் சுற்றி வளைந்து கிடந்து காக்கும்.

விடுமுறையில் மும்பையிலிருந்து சென்னைக்கோ நாகர்கோவிலுக்கோ செல்லும் தொடர்வண்டிகள் பல, கர்ஜத்தைக் கடந்து மலையேறிக் கண்டாலா வழியாகச் செல்கின்றன. அந்தக் கண்டாலாவில் கிடைத்த சிசிலியன் ஒன்றை எட்வர்டு டெய்லர் என்னும் அமெரிக்க அறிஞர் 1960-ஆம் ஆண்டில் புதிய இனமாக விளக்கினார். அதன் நெருங்கிய உறவினங்கள் இந்தியப் பெருங்கடலிலுள்ள சீஷெல்ஸ் தீவுகளில் வாழ்கின்றன. ஒரே நிலமாக இருந்து பிரிந்தமைக்கு இவ்வுறவும் சான்றாகும். 2012-ஆம் ஆண்டில் சத்தியபாமா தாஸ் பிஜுவும் பிற ஆய்வாளர்களும் வடகிழக்கு இந்தியாவில் சிசிலியன்களின் புதிய குடும்பம் ஒன்றையே கண்டறிந்து அறிவித்தனர்.

சிசிலியனைப் பாம்பு என்று எண்ணி மக்கள் அடித்துக் கொன்றுவிடுவது உண்டு. அது நஞ்சுப் பாம்பு அன்று. மண்ணைக் கிளறி வளப்படுத்தும் உயிர்.

காப்பது நம் கடமை

சாலமாண்டர்களைத் தாக்கும் பூஞ்சை ஒன்றை 2013-ஆம் ஆண்டில் அறிஞர்கள் கண்டறிந்தனர். நெதர்லாந்தில் நெருப்புச் சாலமாண்டர்கள் அதனால் பெருமளவில் மடிந்தன. வளர்ப்பு உயிர் வணிகத்தின் வழியே அப்பூஞ்சை ஆசியாவிலிருந்து ஐரோப்பாவை அடைந்தது எனக் கருதுகின்றனர். ஓரிடத்து உயிரை மற்றோரிடத்திற்குக் கொண்டுசெல்வது எத்தகைய தீங்கை விளைவிக்கும் என்பதை இது காட்டுகிறது.

நம் நாட்டிலும் ஒரு பாடம் உண்டு. முன்பு தவளைக்கால்கள் இந்தியாவிலிருந்து பெருமளவில் ஏற்றுமதி செய்யப்பட்டன. பயிர்களை அழிக்கும் பூச்சிகளைத் தவளைகள் உண்பதை உணர்ந்த அரசு, 1987-ஆம் ஆண்டில் அவ்வேற்றுமதியைத் தடை செய்தது. மீன்தொட்டியில் வளர்க்கும் வெளிநாட்டு மீன்களைக் குளத்திலோ ஆற்றிலோ விடாதிருத்தலும், மழைநீர்க் குட்டைகளில் குப்பை கொட்டாதிருத்தலும் நம்மால் இயன்ற செயல்களே.

சொற்பொருள்

இருவாழ்வி – நீரிலும் நிலத்திலும் வாழும் உயிர்
உயிர்வளி – ஆக்சிஜன்
செவுள் – நீரில் சுவாசிக்க உதவும் உறுப்பு
இழப்பு மீட்டல் – இழந்த உறுப்பு மீண்டும் வளர்தல்
தூர்த்தல் – மண்ணிட்டு நிரப்புதல்

பயிற்சி

அ. கோடிட்ட இடத்தை நிரப்புக.
1. கால்களில்லாத இருவாழ்வி ____________.
2. சாலமாண்டரின் இளவுயிரிக்கு முதலில் முளைப்பவை ____________.
3. தவளைக்கால் ஏற்றுமதி தடை செய்யப்பட்ட ஆண்டு ____________.

ஆ. பிரித்து எழுதுக.
1. மூவகை 2. தவளைக்கால் 3. நீர்த்தாவரம்

இ. ஓரிரு தொடர்களில் விடை எழுதுக.
1. சாலமாண்டரைப் பல்லியிலிருந்து எவ்வாறு வேறுபடுத்தி அறியலாம்?
2. ‘ஜோர்போக்ரி’ என்பதன் பொருள் யாது?

ஈ. ஒரு பத்தி அளவில் விடை எழுதுக.
1. மேற்குத் தொடர்ச்சி மலையில் சிசிலியன் இருக்க, சாலமாண்டர் இல்லாமைக்குக் காரணம் என்ன?
2. ‘சாலமாண்டரைக் காப்பது மலைக்குளங்களைக் காப்பதே ஆகும்.’ இக்கூற்றை விளக்குக.

உ. செயல்பாடு
தவளை, தேரை, அரணை, ஓணான் ஆகியவற்றை உங்கள் சொந்த ஊரில் எப்பெயர்களால் அழைக்கின்றனர் எனத் தாத்தா, பாட்டியிடம் கேட்டு எழுதுக. அவற்றின் மராத்தி, இந்திப் பெயர்களையும் அருகில் தமிழ் எழுத்தில் எழுதி, வகுப்பில் படித்துக் காட்டுக.