விண்வெளி நிலையத்தில் நீரும் காற்றும்

வண்டன்மேட்டு ஏலத்தோட்டங்களில் படுதா விரித்து அமைத்த குளங்களைக் காணலாம். தமிழ்நாட்டு எல்லையை ஒட்டிய இந்த இடுக்கி மாவட்டப் பகுதியில், மழைக்காலத்தில் சேமித்த நீரே கோடையில் செடிகளைக் காக்கிறது. 2024ஆம் ஆண்டுக் கோடை வறட்சியில் மாவட்டத்தின் ஏலத்தோட்டங்கள் பெருஞ்சேதம் அடைந்தன. இருப்பை அளந்து செலவிடும் இம்முறையின் மிகக் கடுமையான வடிவத்தைச் சுமார் 400 கிலோமீட்டர் உயரத்தில் பூமியைச் சுற்றிவரும் சர்வதேச விண்வெளி நிலையத்தில் காண்கிறோம். அங்கே நிரப்பித் தர மழை இல்லை.

நீர்க் கணக்கு

அந்நிலையத்தில் ஒருவருக்கு நாளொன்றுக்கு ஏறக்குறைய 4 லிட்டர் நீர் தேவை. எழுவருக்கு ஓராண்டுத் தேவை 10,000 லிட்டருக்குச் சற்று மேல். இவ்வளவையும் ராக்கெட்டில் ஏற்றி அனுப்புவது கட்டுப்படியாகாது. ஆகவே சிறுநீர், வியர்வை, மூச்சுக்காற்றின் ஈரம் யாவும் திரட்டப்பட்டுச் சுத்திகரிக்கப்பட்டு மீண்டும் குடிநீராகின்றன. இம்மீட்பு முன்னர் 94 சதவீத அளவில் இருந்தது. 2023இல் 98 சதவீதத்தை எட்டியது. உயர்வு சிறிதெனத் தோன்றலாம். ஆனால் 10,000 லிட்டருக்கு ஈடுசெய்ய வேண்டிய இழப்பு 600 லிட்டரிலிருந்து 200 லிட்டராகக் குறைகிறது என்பதே இதன் பொருள்.

காற்று

பிராணவாயுவும் நீரிலிருந்தே கிடைக்கிறது. மின்சாரத்தால் 9 கிலோ நீரைப் பகுத்தால் 8 கிலோ பிராணவாயுவும் 1 கிலோ ஹைட்ரஜனும் கிடைக்கும். வெளிவிடும் கரியமில வாயுவை ஜியோலைட் என்னும் கனிமப்பொருள் உறிஞ்சுகிறது. எடையற்ற நிலையில் வெப்பக்காற்று மேலெழாது. மின்விசிறி நின்றால், உறங்குபவரின் மூச்சே அவர் முகத்தைச் சூழ்ந்து தேங்கிவிடும்.

ஆராய்ச்சி

1984 ஏப்ரலில் ராகேஷ் சர்மா சல்யூட் 7 நிலையத்தில் தங்கி ஆய்வுகள் நடத்தினார். 2025 ஜூன் 26 முதல் 18 நாட்கள் சர்வதேச நிலையத்தில் தங்கிய சுபான்ஷு சுக்லா, இந்திய நிறுவனங்கள் வகுத்த ஏழு சோதனைகளை மேற்கொண்டார். அவற்றுள் சில உயிர்காப்பு முறையோடு நேரடித் தொடர்புடையவை. உண்ணத்தக்க நுண்பாசிகள் அங்கு எவ்வாறு வளர்கின்றன, நீலப்பச்சைப் பாசி யூரியாவை உரமாக ஏற்குமா என ஆராயப்பட்டன. இவை வெற்றி பெறின் கழிவே உணவுக்கு வழியாகும். கேரள வேளாண்மைப் பல்கலைக்கழகம் பங்குகொண்ட சோதனையில் நெல், பயறு, எள், கத்தரி, தக்காளி விதைகள் விண்ணுக்குச் சென்றன. அவற்றைப் பல தலைமுறைகள் பயிரிட்டு மாற்றங்களை அறிவது இதன் நோக்கம்.

நமது பணி

2035ஆம் ஆண்டுக்குள் சொந்த விண்வெளி நிலையம் அமைக்க நம் நாடு இலக்கு வகுத்துள்ளது. ராக்கெட் செய்வதில் நமக்கு நீண்ட அனுபவமுண்டு. உயிர்காப்புச் சாதனங்களில் இல்லை. இத்தொழில்நுட்பத்தைப் பிற நாடுகள் தர முன்வரவில்லை என்றும், நாமே உருவாக்க வேண்டும் என்றும் 2023இல் இஸ்ரோ தலைவராக இருந்த சோமநாத் தெரிவித்தார். ஆகவே நீர் சுத்திகரிப்பு, வேளாண்மை, மருத்துவம் ஆகிய துறைகளின் மாணவர்களுக்கும் இப்பணியில் இடமுண்டு. சொட்டு நீரையும் கணக்கில் வைக்கும் திறன் விண்ணுக்கு மட்டும் உரியதன்று. வறட்சியைக் கண்ட மலைத்தோட்டங்களுக்கும் அது பயன்தரும்.