நடிச்சவர் கேமரா பிடிச்ச கதை

சினிமான்னாலே நமக்கு ஹீரோ பேருதான் தெரியும். கேமரா யாருன்னு கேட்டா முழிப்போம். இரண்டு வேலையும் செய்த ஒரு ஜப்பானியரைப் பற்றி இந்த வாரம் எழுதுகிறேன். நம்ம அறிவியல் புத்தகத்து ஒளிப் பாடமும் இதில் வருது.

அவர் பெயர் ஹென்றி கோட்டானி. 1887-ல் ஹிரோஷிமாவில் பிறந்தார். சின்ன வயசிலேயே குடும்பத்தோடு அமெரிக்கா போய், சான் பிரான்சிஸ்கோவில் வளர்ந்தார். முதலில் நாடக நடிகர். அப்புறம் தாமஸ் இன்ஸ் என்பவரின் படக் கம்பெனியில் நடித்தார். அதோடு நிற்காமல் ஹாலிவுட்டிலேயே கேமரா வேலை கற்று, ஒளிப்பதிவாளர் ஆனார்.

1920-ல் ஷோச்சிக்கு என்ற கம்பெனி டோக்கியோ பக்கம் கமாட்டாவில் ஸ்டுடியோ ஆரம்பித்து அவரை அழைத்தது. அதுவரை ஜப்பான் படங்களில் பெண் வேஷம் பெரும்பாலும் ஆண்கள்தான் போடுவாங்க. ஷோச்சிக்கு நடிகைகளை நடிக்க வைத்தது. அந்த வருஷம் வந்த 'தீவுப் பெண்' படத்துக்கு கோட்டானிதான் கேமரா. 1921-ல் அவர் இயக்கிய 'குபிஜின்சோ' படத்தில் அறிமுகமான குரிஷிமா சுமிக்கோ பெரிய நட்சத்திரம் ஆனார்.

கோட்டானி ஜப்பானில் பழக்கிய முக்கியமான பொருள் எது தெரியுமா? ஒரு பலகை! சூரியன் நடிகருக்குப் பின்னால் இருந்தால் முடி ஓரம் பளபளக்கும், முகமோ இருட்டாகிவிடும். எதிரே பளபளப்பான பலகையைச் சாய்த்துப் பிடித்தால், வெயில் அதில் பட்டுத் திரும்பி முகத்தில் விழும். படுகோணமும் எதிரொளிப்புக் கோணமும் சமம் என்று படித்தோமே, அதேதான்!

செய்து பாருங்கள்: நண்பனை ஜன்னலுக்கு முதுகு காட்டி நிற்கச் சொல்லுங்கள். டி.வி. பெட்டியோடு வந்த தெர்மோகோலை அவன் முகத்துக்கு எதிரே பிடியுங்கள். முகம் தெளிவாகும். தெர்மோகோல் சொரசொரப்பானது, ஒளியைச் சிதறடிக்கும். அதனால் கண் கூசாது.

கோட்டானி தன் வித்தையை இளைஞர்களுக்குக் கற்றுக்கொடுத்தார். அவரிடம் படித்தவர்களில் மிடோரிக்காவா மிச்சியோ ஒருவர். பிறகு இவர் 'நரக வாசல்' (1953) என்ற வண்ணப் படத்தின் தொழில்நுட்பப் பொறுப்பைக் கவனித்தார். அந்தப் படம் 1954-ல் பிரான்சில் கேன்ஸ் விழாவின் பெரிய பரிசை வாங்கியது. கோட்டானி 1972-ல் காலமானார்.

ஆண்டு விழா நாடகத்தில் வேஷம் கிடைக்கலைன்னா மூஞ்சியைத் தூக்கிவச்சுக்கிறோம். லைட் பிடிக்கிறவனை யாரும் கண்டுக்கிறதில்லை. அவன் இல்லைன்னா ராஜா வேஷக்காரன் முகமே தெரியாது! நடிகராக இருந்தவரே கேமரா பக்கம் போனார் என்பதால்தான் எனக்குக் கோட்டானியைப் பிடிக்கும்.

ஒரு கேள்வி: அந்தக் காலக் கேமராவைக் கையால் சுற்றணும். ஒரு சுற்றுக்கு 8 படம். வினாடிக்கு 2 சுற்று, அதாவது 16 படம். வினாடிக்கு ஒரு சுற்று மட்டும் சுற்றிவிட்டு, வினாடிக்கு 16 படமாகத் திரையில் ஓட்டினால், நடந்து வருபவர் எப்படித் தெரிவார்? விடையைக் கீழே பென்சிலால் எழுதுங்கள்.