கட்டடம் மட்டும் போதுமா?



நம்ம குடிமையியல் புத்தகத்தைப் புரட்டிப் பாருங்கள். நாடாளுமன்றம் என்றால் ஒரு கட்டடம், உச்ச நீதிமன்றம் என்றால் ஒரு கட்டடம். எல்லாமே தூரத்தில் நின்று எடுத்த படங்கள். உள்ளே யார் எங்கே உட்கார்வார்கள், யார் ஓரமாக நிற்பார்கள், எந்த அறையில் பேசி முடிவு செய்வார்கள், எதுவும் தெரியாது. பூட்டிய வீட்டை வெளியே நின்று பார்த்த மாதிரி இருக்கும். உள்ளே போய்ப் படம் எடுத்த ஒருவரைப் பற்றித்தான் இந்த இதழில் எழுதுகிறேன்.

அவர் பெயர் ஃபிரெட் ஜே. மரூன். அமெரிக்கர். 1924-ல் பிறந்து 2001-ல் இறந்தார். இவர் முதலில் படித்தது கட்டடக்கலை. கட்டடம் படித்தவர் கேமராவைத் தூக்கினால் என்ன ஆகும்? ஓர் அறைக்குள் நுழைந்தால் தூண், ஜன்னல், வெளிச்சம் எல்லாவற்றையும் முதலில் பார்ப்பார். அப்புறம் அதற்குள் மனிதன் எவ்வளவு பெரியவனாக அல்லது சிறியவனாகத் தெரிகிறான் என்று பார்ப்பார். நம்ம ஆண்டு விழா குரூப் போட்டோவையே எடுத்துக்கொள்ளுங்களேன். நாற்காலி யாருக்கு, பெஞ்ச் யாருக்கு, தரை யாருக்கு என்று பார்த்தாலே யார் யார் என்று புரிந்துவிடுமே!

1970-ல் குடியரசுத் தலைவர் ரிச்சர்ட் நிக்சனின் வெள்ளை மாளிகைக்குள் படம் எடுக்க மரூனுக்கு அனுமதி கிடைத்தது. இவர் அரசு ஊழியர் இல்லை, தனியாகத் தொழில் செய்தவர். அந்தப் படங்களோடு நாவலாசிரியர் ஆலன் ட்ரூரி எழுதிய குறிப்புகளும் சேர்ந்து 1971-ல் ஒரு புத்தகமாக வந்தது. நிக்சனுக்கு மிக நெருக்கமான ஹால்டெமன், எர்லிக்மன் போன்ற அதிகாரிகளை எல்லாம் அப்போதே படம் எடுத்தார். கூட்டம் போடுகிறார்கள், காகிதம் பார்க்கிறார்கள், அவ்வளவுதான். அந்த வருஷத்தில் பார்த்தவர்களுக்கு இது சாதாரண ஆபீஸ் வேலையாகத்தான் தெரிந்திருக்கும். அனுமதி கொடுத்தவர் வீட்டுக்குள் போய் எடுத்த படம் எப்படி நடுநிலையாக இருக்கும் என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்விதான். அந்த ஒரு புத்தகத்தோடு அவர் நிறுத்தியிருந்தால் நானும் அதையேதான் கேட்டிருப்பேன்.

ஆனால் அவர் நிறுத்தவில்லை. 1972 ஜூன் 17 அன்று வாஷிங்டனில் வாட்டர்கேட் என்ற கட்டடத்தில் எதிர்க்கட்சி அலுவலகத்துக்குள் புகுந்த ஐந்து பேர் பிடிபட்டார்கள். அடுத்த வருஷம் மே மாதம் செனட் விசாரணை தொடங்கியது. மரூன் கேமராவோடு அங்கேயும் போனார். முன்பு வெள்ளை மாளிகையில் எடுத்த அதே முகங்கள், இப்போது மைக்குக்கு முன்னால் சாட்சி நாற்காலியில்! விசாரணை நடந்த அறையும் லேசுப்பட்டது இல்லை. சலவைக்கல் தூண்களும் சரவிளக்குகளும் உள்ள பெரிய கூடம். 1912-ல் டைட்டானிக் கப்பல் மூழ்கியதை விசாரித்ததும் அங்கேதான். 1960-ல் ஜான் கென்னடி, தான் தேர்தலில் நிற்பதாக அறிவித்ததும் அங்கேதான்.

கடைசியில் 1974 ஆகஸ்ட் 9 அன்று நிக்சன் பதவி விலகினார். ஹால்டெமனும் எர்லிக்மனும் 1975-ல் குற்றவாளிகள் என்று தீர்ப்பாகிச் சிறைக்குப் போனார்கள். 1999-ல் மரூன் இரண்டு காலத்துப் படங்களையும் சேர்த்து நிக்சன் ஆண்டுகள் பற்றி ஒரு புத்தகம் வெளியிட்டார். இப்போது அந்தப் பழைய கூட்டப் படங்களைப் பார்த்தால், 'இதில் இவருக்கு எவ்வளவு தெரிந்திருக்கும்?' என்று ஒவ்வொரு முகமாகத் தேடத் தோன்றும். படத்தில் ஒரு புள்ளிகூட மாறவில்லை. ஆனால் 1971-ல் பார்த்தவருக்கும் நமக்கும் அது ஒரே படமாகத் தெரியாது.

இன்னும் இரண்டு புத்தகங்களைச் சொல்ல வேண்டும். இரண்டுக்கும் எழுதியவர் அவர் மனைவி சூசி மரூன். ஒன்று 1993-ல் வந்தது, அமெரிக்க நாடாளுமன்றக் கட்டடமான கேப்பிடல் பற்றியது. (வெள்ளையாகத் தெரியும் அந்தப் பெரிய குவிமாடம் கல் என்றுதானே நினைத்தீர்கள்? வார்ப்பிரும்புக்கு வெள்ளைப் பெயின்ட்!) இன்னொன்று 1996-ல் வந்தது, உச்ச நீதிமன்றம் பற்றியது.

அமெரிக்க உச்ச நீதிமன்றம் முதலில் கூடியது 1790-ல். சொந்தக் கட்டடம் கிடைத்தது 1935-ல்தான். அதுவரை பெரும்பாலான வருஷங்கள் கேப்பிடல் கட்டடத்துக்குள்ளேயே இருந்தது. நம்ம உச்ச நீதிமன்றமும் அப்படித்தான். 1950-ல் தொடங்கியபோது பழைய நாடாளுமன்றக் கட்டடத்தில் ஓர் அறையில்தான் இயங்கியது. 1958-ல்தான் சொந்தக் கட்டடத்துக்கு வந்தது. சட்டம் செய்கிறவர் வீட்டில் குடியிருந்துகொண்டு, அவர் செய்த சட்டம் செல்லாது என்று சொல்ல நீதிபதிக்கு எவ்வளவு தைரியம் வேண்டும்!

இன்னொரு விஷயம். அமெரிக்க உச்ச நீதிமன்றத்தில் வழக்கு நடக்கும்போது கேமராவுக்கு இடமே கிடையாது. வாட்டர்கேட் விவகாரத்தில் நிக்சன் தன் அறையில் பதிவு செய்த ஒலிநாடாக்களைக் கொடுக்க மறுத்தார். கொடுத்தே ஆகவேண்டும் என்று இந்த நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அந்த நீதிபதிகளில் மூன்று பேரை நியமித்தவரே நிக்சன்தான். தீர்ப்பை எழுதிய தலைமை நீதிபதி வாரன் பர்கரும் அதில் ஒருவர். செனட் விசாரணையை நாடே டிவியில் பார்த்தது. இந்தத் தீர்ப்பு வாசித்த நேரத்தை மரூனால்கூடப் படம் எடுக்க முடியாது.

'நீதித்துறையின் சுதந்திரம்' ஐந்து மதிப்பெண் கேள்வி வந்தால் இந்த உதாரணத்தை எழுதலாம். தேதி 24 ஜூலை 1974. எட்டு நீதிபதிகள் உட்கார்ந்தார்கள், எட்டு பேரும் ஒரே பக்கம்.