பழைய கணினி விளையாட்டு ஏன் தொடங்க மறுக்கிறது?



நம் தோட்டத்துத் தந்தையர் பலர் ஜொகூர் பாலத்தைக் கடந்து சிங்கப்பூருக்கு வேலைக்குச் சென்று வருகின்றனர். ஓய்வு நாளில் தேக்காவுக்குப் போய்ச் சாமான் வாங்கிக்கொண்டு, சற்றுத் தூரம் நடந்தால் ரோச்சோர் கால்வாய்ச் சாலையில் சிம் லிம் சதுக்கம் என்னும் அடுக்குமாடிக் கடைத்தொகுதி வந்துவிடும். கணினியும் அதன் உதிரிப் பாகங்களும் விற்பதற்குப் பெயர்போன இடம் அது. 2017ஆம் ஆண்டு ஜூலை 10ஆம் நாள் மூடப்படும் வரை சுங்கை ரோட்டுப் பழம்பொருள் சந்தையும் அதன் அருகிலேயே இருந்தது. இவ்விடங்களில் வாங்கிய பழைய குறுந்தட்டுகளும், சிங்கப்பூர் உறவினர் வீட்டுப் பிள்ளைகள் வளர்ந்துவிட்டதால் நமக்குக் கொடுத்தனுப்பிய விளையாட்டுப் பெட்டிகளும் நம் வீடுகளில் பல உள்ளன. ஆவலோடு தட்டைக் கணினியில் இட்டால், திரை ஒரு கணம் கறுத்து மீண்டும் பழைய நிலைக்கே வந்துவிடுகிறது. உடனே, "கணினி கெட்டுவிட்டது" என்று தீர்ப்புக் கூறிவிடுகிறோம்.

இவ்வாறு தீர்ப்புக் கூறிய குடும்பம் ஒன்றை நான் அறிவேன். அவர்கள் கணினியை ஒரு கடைக்குத் தூக்கிச் சென்றார்கள். "முழுவதையும் அழித்துப் புதிதாகப் பதிக்க வேண்டும்" என்றார்கள் கடைக்காரர்கள். அவ்வாறே செய்து கூலியும் பெற்றுக்கொண்டார்கள். அழிந்தவற்றுள் மறைந்த பாட்டியாரின் நிழற்படங்களும் இருந்தன. விளையாட்டோ அதன் பின்னரும் தொடங்கவில்லை. உண்மையில் அக்கணினியில் பழுது எதுவும் இருந்ததில்லை. இத்தகைய இழப்பு இன்னொரு வீட்டில் நேரக்கூடாது என்பதற்காகவே இப்பாடத்தை எழுதுகிறேன்.

இடித்துவிட்ட லயத்தின் முகவரிக்கு வந்த கடிதத்தை நினைத்துப் பாருங்கள். கடிதத்தில் குற்றமில்லை, தபால்காரரிடமும் குற்றமில்லை, வீடுதான் அங்கே இல்லை. பழைய விளையாட்டின் நிலையும் இதுவேயாகும். அது எழுதப்பட்ட காலத்துக் கணினியை அது தேடுகிறது. ஆகவே முதலில் கேட்கவேண்டிய கேள்வி, "இவ்விளையாட்டு எந்த ஆண்டினது?" என்பதாகும். பெட்டியின் பின்புறத்திலோ தட்டின் மேலோ ஆண்டு அச்சிடப்பட்டிருக்கும். அடுத்து, திரையில் தோன்றும் செய்தியை ஒரு சொல்லும் விடாமல் குறிப்பேட்டில் எழுதிக்கொள்ள வேண்டும். நம் பிள்ளைகள் செய்தியைப் படிக்குமுன்பே அதை மூடிவிடுகிறார்கள். மருத்துவர் நோயைக் கேட்குமுன் நோயாளி எழுந்து போய்விடுவது போன்றது அது.

1981ஆம் ஆண்டு ஐ.பி.எம். நிறுவனத்தின் தனிக்கணினி வெளிவந்தது முதல் 1990களின் நடுப்பகுதி வரை வந்த விளையாட்டுகளுள் பெரும்பாலானவை டாஸ் என்னும் இயக்க முறைக்காக எழுதப்பட்டவை. அவற்றுள் பல 16 பிட் நிரல்கள். இன்று நாம் பயன்படுத்தும் 64 பிட் விண்டோஸ் அத்தகைய நிரல்களை இயக்காது. "இச்செயலி உங்கள் கணினியில் இயங்காது" என்னும் பொருள்பட ஒரு செய்தி தோன்றினால் காரணம் பெரும்பாலும் இதுதான். விண்டோஸ் 11 தனிக்கணினிகளுக்கு 64 பிட் வடிவில் மட்டுமே வெளிவந்துள்ளதால், புதிய கணினி வாங்கினாலும் இத்தொல்லை தீராது.

வேறு சில விளையாட்டுகள், "நினைவகம் போதவில்லை" என்று கூறும். இது மாணவர்களுக்கு வியப்பாக இருக்கும். டாஸ் காலத்து நிரல் சாதாரணமாகப் பயன்படுத்தக்கூடிய நினைவகம் 640 கிலோபைட்டு. இன்றைய 8 கிகாபைட்டு நினைவகம் அதைப்போல் ஏறத்தாழ 13,000 மடங்கு பெரியது. ஆயினும் அந்நிரல் தனக்குப் பழக்கமான சிறு அறையைத்தான் தேடும். மாளிகை முழுவதும் காலியாக இருப்பது அதற்குத் தெரியாது.

இதற்கு மருந்து டாஸ்பாக்ஸ் என்னும் இலவச மென்பொருள். 2002இல் முதன்முதலாக வெளியான இது, நம் கணினிக்குள்ளேயே ஒரு பழைய கணினியை உருவாக்கிக் காட்டுகிறது. விளையாட்டுக் கோப்புகளைத் தனியே ஒரு கோப்புறையில் படியெடுத்து வைக்க வேண்டும். பின்னர் டாஸ்பாக்ஸைத் திறந்து, மவுண்ட் என்னும் கட்டளையால் அக்கோப்புறையைச் சி என்னும் வட்டாக அறிவித்து, விளையாட்டின் நிரற்பெயரைத் தட்டச்சுச் செய்ய வேண்டும். கணினியின் சி வட்டு முழுவதையும் அவ்வாறு இணைத்துவிடாதீர்கள். அது தேவையுமில்லை, வீட்டுக் கோப்புகளுக்குப் பாதுகாப்புமில்லை.

இவ்வளவு செய்தும் சில விளையாட்டுகள் தொடக்கத்திலேயே உறைந்து நிற்கும். இங்குதான் சிங்கப்பூரின் கதை ஒன்று குறுக்கே வருகிறது.

ஆதியில் தனிக்கணினியால் "பீப்" என்று ஒலிக்க மட்டுமே முடிந்தது. சிங்கப்பூரின் நீ ஆன் தொழில்நுட்பக் கல்லூரியில் பயின்றவரும் ஹார்மோனிகா வாசிப்பதில் நாட்டமுடையவருமான சிம் வோங் ஹூ என்பவர், 1981இல் சைனாடவுனில் இருந்த பேர்ல்ஸ் சென்டரில் கிரியேட்டிவ் டெக்னாலஜி என்னும் சிறு கணினிக் கடையைத் தொடங்கினார். 1989இல் அந்நிறுவனம் சவுண்ட் பிளாஸ்டர் என்னும் ஒலி அட்டையை வெளியிட்டது. அப்போது சந்தையில் முன்னின்ற கனடா நாட்டு ஆட்லிப் அட்டைக்காக எழுதப்பட்ட இசையை அது வாசித்தது. அதற்கு மேலாக மனிதக் குரலையும் ஒலித்தது. விளையாட்டுக் கைப்பிடியை இணைக்கும் வாயிலும் அதிலேயே இருந்தது. நம் மக்கள் ஒரே விலையில் இரண்டு பொருள் கிடைத்தால் விடுவார்களா? உலகத்தாரும் விடவில்லை. 1992இல் கிரியேட்டிவ், அமெரிக்காவின் நாஸ்டாக் பங்குச் சந்தையில் இடம்பெற்ற முதல் சிங்கப்பூர் நிறுவனமாயிற்று. பிற நிறுவனங்களின் அட்டைகளும், "சவுண்ட் பிளாஸ்டருக்கு ஒத்தது" என்று அச்சிட்டுக்கொண்டே விற்பனைக்கு வந்தன. சிம் அவர்கள் 2023ஆம் ஆண்டு ஜனவரி 4ஆம் நாள் காலமானார்.

டாஸ் விளையாட்டு தொடங்கும்போது இவ்வொலி அட்டையை மூன்று எண்களால் அழைக்கும். முதலாவது முகவரி, பெரும்பாலும் 220. இது லயத்தின் வீட்டு எண்ணைப் போன்றது. இரண்டாவது குறுக்கீட்டு எண். "என் வேலை முடிந்தது, அடுத்ததைக் கொடு" என்று அட்டை அடிக்கும் மணி அது. மூன்றாவது நேரடி நினைவக வழி எண். துரையின் அலுவலகத்தைச் சுற்றாமல் சரக்கு நேரே கிடங்குக்குச் செல்லும் குறுக்குப் பாதை என்று கொள்ளலாம். இவற்றுள் ஓர் எண் தவறினாலும், பெரட்டுக் களத்தில் வேறொருவர் பெயரை அழைத்துவிட்டுப் பதிலுக்காகக் காத்திருக்கும் கிராணியாரைப் போல, விளையாட்டு அப்படியே நின்றுவிடக்கூடும்.

முதற்காலத்துச் சவுண்ட் பிளாஸ்டரின் குறுக்கீட்டு எண் ஆலையிலிருந்து வரும்போது 7 என அமைந்திருந்தது. பின்னர் வந்த சவுண்ட் பிளாஸ்டர் 16 அட்டையில் அது 5 ஆயிற்று. டாஸ்பாக்ஸ் தானாக எடுத்துக்கொள்வது 220, 7, 1 என்னும் எண்களை. ஆனால் உறவினர் வீட்டுக் கணினியிலிருந்து படியெடுத்த விளையாட்டு, அவ்வீட்டு அட்டையின் 5ஐ இன்னும் நினைவில் வைத்திருக்கும். விளையாட்டுக் கோப்புறையில் "செட்டப்" என்றோ "செட்சவுண்ட்" என்றோ பெயருடைய சிறு நிரல் இருக்கும். அதை இயக்கி, சவுண்ட் பிளாஸ்டரைத் தேர்ந்து, 220, 7, 1 என்று பதிந்தால் உறைந்து நின்ற விளையாட்டுகள் பல எழுந்துவிடும். எழவில்லையெனில், "ஒலி வேண்டாம்" என்பதைத் தேர்ந்து ஒருமுறை சோதிக்கவேண்டும். அப்போது தொடங்கினால் குற்றம் ஒலியில்தான் என்பது உறுதி. ஒரு நேரத்தில் ஒன்றை மட்டுமே மாற்றுங்கள். மூன்றை ஒன்றாக மாற்றினால் எது மருந்து, எது பத்தியம் என்று தெரியாமற் போகும்.

"200ஆம் எண் பிழை" என்று ஒரு செய்தி வருவதுமுண்டு. டர்போ பாஸ்கல் மொழியில் எழுதிய நிரல்கள் சில, தொடங்கும்போது கணினியின் வேகத்தை அளந்து பார்க்கும். கணினி மிக விரைவானதாயின் அக்கணக்கு அளவு மீறிப் பிழையாகிவிடும். டாஸ்பாக்ஸில் கண்ட்ரோல் விசையுடன் எஃப் 11 விசையை அழுத்தினால் வேகம் குறையும். எஃப் 12 அதைக் கூட்டும்.

விண்டோஸ் 95 முதல் எக்ஸ்.பி. வரையிலான காலத்து விளையாட்டுகளுக்கு வழி வேறு. நிரலின் படத்தின்மேல் சுட்டியின் வலப்பொத்தானை அழுத்தி, பண்புகள் என்னும் பகுதியில் பொருந்து நிலையைத் திறந்து, விண்டோஸ் எக்ஸ்.பி. என்று தேர்ந்து பார்க்கலாம். 1999இல் வந்த ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் இரண்டாம் பாகத்தைப் போன்றவை டைரக்ட் பிளே என்னும் பழைய கூறு ஒன்றைக் கேட்கும். அது விண்டோஸிலேயே உள்ளது. விண்டோஸ் கூறுகளின் பட்டியலில் பழங்கூறுகள் என்னும் தலைப்பின்கீழ்க் குறியிட்டால் போதும்.

நல்ல தட்டு, நல்ல கணினி, ஆயினும் எதுவுமே நிகழவில்லை என்றால், சேஃப் டிஸ்க் என்னும் பூட்டை ஐயுற வேண்டும். திருட்டுப் படியைத் தடுக்கத் தட்டில் இடப்பட்ட பூட்டு அது. அதற்குத் துணைநின்ற நிரலில் பாதுகாப்புக் குறை இருந்ததால், 2015இல் வந்த விண்டோஸ் 10 அதை ஏற்க மறுத்தது. அவ்வாண்டு செப்டம்பரில் பழைய விண்டோஸ்களிலும் அது முடக்கப்பட்டது. பணம் கொடுத்து வாங்கியவரின் தட்டும் இதனால் பயனற்றுப் போயிற்று. இது நியாயமன்று என்பதே என் கருத்து. அதற்காக, இணையத்தில் பூட்டுடைக்கும் கோப்புகளைத் தேடி இறக்கும் பிள்ளைகளைப் பெற்றோர் தடுக்க வேண்டும். அவற்றோடு தீநிரல்கள் புகுந்து, தந்தையின் வங்கிக் கடவுச்சொல்லையும் எடுத்துச் செல்லக்கூடும். 2008 முதல் இயங்கிவரும் போலந்து நாட்டுக் கடையான ஜி.ஓ.ஜி., பழைய விளையாட்டுகள் பலவற்றைப் பூட்டின்றி, இன்றைய கணினிக்கு ஏற்றவாறு இணையத்தில் விற்கிறது. டாஸ் விளையாட்டாயின் டாஸ்பாக்ஸும் பெரும்பாலும் உடன் வரும்.

இறுதியாகத் தட்டைப் பற்றி ஒரு சொல். பிரின்ஸ் ஆஃப் பெர்சியா என்னும் விளையாட்டை 1989இல் வெளியிட்ட ஜோர்டன் மெக்னர், அதன் மூல நிரல் அடங்கிய நெகிழ்வட்டுகள் தொலைந்துவிட்டன என்றே எண்ணியிருந்தார். 2012இல் அவருடைய தந்தையார் அவற்றை ஒரு பெட்டியில் கண்டெடுத்தார். வல்லுநர்கள் கூடி, இருபதாண்டுக்கு மேற்பட்ட அவ்வட்டுகளைப் படித்து மீட்டனர். நம் வீட்டு நெகிழ்வட்டுகளுக்கு அத்தகைய வல்லுநர்கள் வரமாட்டார்கள். ஆகவே படிக்க முடிகிறபோதே கணினியில் படியெடுத்து வைத்துவிட வேண்டும். குறுந்தட்டு அழுக்கடைந்திருந்தால் மெல்லிய பருத்தித் துணியால், நடுவிலிருந்து விளிம்பு நோக்கி நேராகத் துடையுங்கள். வட்டமாகத் துடைத்தால் விழும் கீறல் தடத்தோடு தடமாக ஓடித் தட்டையே படிக்க முடியாதபடி செய்துவிடும்.