ஆண்களுக்கே அதிகம் என்றால்...

கேள்வி: இலங்கையில் எச்.ஐ.வி. தொற்றியவர்களில் ஆண்களே அதிகம். பிறகு ஏன் பெண்களைப் பற்றித் தனியாகப் பேச வேண்டும்? – வாசகர், கலகெதர

பதில்: இலங்கைக் கணக்கில் நீங்கள் சொல்வது சரி. உலக அளவிலோ தொற்றுடன் வாழ்வோரில் சுமார் 53 சதவீதம் பெண்களும் சிறுமிகளும்தான். ஆனால் நம் நாட்டுக்குத் தலைக்கணக்கு மட்டும் போதாது. பழி யார் தலையில் விழுகிறது என்றும் பார்க்க வேண்டும். உங்கள் ஊரைக் கடந்து குருணாகலுக்குப் போகும் வீதிக்கு அப்பால், குளியாப்பிட்டியில், தந்தை எய்ட்ஸால் இறந்தார் என்ற வதந்தியால் 2016இல் ஒரு சிறுவனுக்குப் பாடசாலைக் கதவு அடைபட்டது. அவனுக்குத் தொற்றே இல்லை. இறந்தவரை யார் கேட்பது? ஊர்ப் பேச்சைச் சுமந்தவர் தாய். கடைசியில் கண்டி திரித்துவக் கல்லூரிதான் அவனுக்கு இடம் கொடுத்தது.

‘பெண்களுக்குத்தானே கர்ப்பிணி கிளினிக்கில் பரிசோதனை வசதி இருக்கிறது?’ என்பீர்கள். உண்மை. தாயிடமிருந்து பிள்ளைக்குத் தொற்றுவதை ஒழித்த நாடு என்று உலக சுகாதார நிறுவனம் 2019இல் இலங்கைக்குச் சான்று தந்தது, பெருமைப்படலாம். ஆனால் அந்த வசதிக்குள்ளேயே ஒரு வில்லங்கம். தம்பதியரில் மனைவியின் இரத்தம் முதலில் சோதிக்கப்படுவதால், கணவனிடமிருந்து வந்த தொற்றும் அவள் பெயரிலேயே முதலில் பதிவாகிறது. ‘நீதான் கொண்டுவந்தாய்’ என்று சொல்ல அது போதும். வெளிநாட்டு வேலைக்குப் போய் வந்தவள் என்றால் விசாரணையே தேவையில்லை! ஆணுறை கேட்கும் மனைவி மீதும் இதே சந்தேகம்தான்.

அரச பாலியல் நோய் சிகிச்சை நிலையங்களில் பரிசோதனை இலவசம், இரகசியம் காக்கப்படும், கண்டியிலும் உண்டு. மனைவி கிளினிக் போகும்போது கணவனும் இரத்தம் கொடுக்கட்டும்.