மாட்டுண்ணியும் அதனை ஒழிக்கும் முறையும்

பூண்டுலோயாப் பகுதியில் மரக்கறி பயிரிடுவோர் பலர் பாலுக்கும் பசளைக்குமாக ஓரிரு பசுக்களை வளர்க்கின்றனர். மலைநாட்டுக் குளிருக்கேற்ற பிரீசியன், ஜேர்சி கலப்பினப் பசுக்கள் மிகுந்த பால் தருவன. ஆயினும் உண்ணியைத் தாங்கும் ஆற்றல் நாட்டு மாட்டைவிட அவற்றுக்குக் குறைவு.

உண்ணி இரத்தத்தை உறிஞ்சுவதோடு நோயையும் பரப்புகின்றது. இதனை 1893ஆம் ஆண்டில் அமெரிக்க அறிஞர்களான தியோபோல்ட் சிமித்தும் கில்போர்னும் மெய்ப்பித்தனர். கடுங்காய்ச்சல் கண்டு, தீனி மறுத்து, பால் வற்றி, சிறுநீர் சாயத்தேநீர் போற் சிவந்தால் அன்றே கால்நடை வைத்தியரை அழைத்தல் வேண்டும். தாமதித்தால் பசுவை இழக்க நேரிடும்.

மாட்டுண்ணி ஏறத்தாழ மூன்று வாரம் மாட்டின் உடலில் வாழும். பின்னர், இரத்தம் குடித்துப் பெருத்த பெண்ணுண்ணி நிலத்தில் வீழ்ந்து, 2,000க்கும் மேற்பட்ட முட்டைகளையிட்டு மடியும். குஞ்சுகள் புல் நுனியில் ஏறி அடுத்த மாட்டுக்காகக் காத்திருக்கும். ஈரமும் குளிர்ச்சியும் உள்ள இடத்தில் அவை உணவின்றியே சில மாதங்கள் உயிர்வாழக் கூடும். ஆகவே மாட்டின் மேற் காண்பது பகையின் ஒரு பகுதியே. எஞ்சியது கொட்டிலிலும் புல்லிலும் உள்ளது. ஒருமுறை மருந்திட்டு நிறுத்துவோர் பயனடையாமைக்குக் காரணம் இதுவே.

செய்ய வேண்டியவை:

1. காது, அலைதாடி, மடி, தொடையிடுக்கு, வாலடி ஆகிய இடங்களை நாள்தோறும் பார்க்க. பிடுங்கிய உண்ணிகளை நிலத்தில் எறியாது, மண்ணெண்ணெயிலிட்டுக் கொல்க.

2. கொட்டிலின் சாணத்தையும் குப்பையையும் தினமும் அகற்றுக. சுவர், தரை வெடிப்புகளைச் சீமெந்தினாற் பூசுக.

3. பிற மாடுகள் மேயும் இடத்திற் புல் அறுப்பதைத் தவிர்க்க. அறுத்த புல்லோடு உண்ணிக் குஞ்சும் கொட்டிலுக்கு வரும்.

4. வைத்தியர் குறித்த மருந்தை, குறித்த அளவில், குறித்த நாளில் மீண்டும் இடுக. இடைவெளி நீண்டால், புதிதாக ஏறியவை பெருத்து வீழ்ந்து முட்டையிடும். அளவு குறைந்தால், தப்பிய உண்ணிகளின் வழித்தோன்றல்கள் அம்மருந்துக்கு மடியா.

5. மரக்கறிக்குத் தெளிக்கும் பூச்சிமருந்தை மாட்டுக்கு ஒருபோதும் பூசற்க. அதற்குப் பயன்படுத்திய தெளிகருவியும் ஆகாது.

6. மருந்திட்டபின் எத்தனை நாள் பாலை விலக்க வேண்டும் என்பதை வைத்தியரிடம் கேட்டறிக. மருந்துக் கலங்களை ஓடையிற் கழுவற்க. மீன்கள் மடியும், கீழே அந்நீரை எடுப்போருக்கும் கேடாம்.

அயலார் மாடுகளில் உண்ணி இருப்பின் ஒருவர் முயற்சி நிலைக்காது. ஆதலின் அயலவர் யாவரும் ஒரே காலத்தில் இம்முறைகளைக் கைக்கொள்வாராயின் பசுவும் காக்கப்படும், பாலும் பெருகும்.