மூன்று எழுத்துக்கும் ஒரே பக்கம்: ஒப்சிடியன் குறிப்பேட்டை அழகாக்க முழுமையான வழிகாட்டி

ஒலுவில் தென்கிழக்குப் பல்கலைக்கழகத்தில் படிக்கும் பிள்ளையின் குறிப்பேட்டைத் திறந்தால் தமிழில் விளக்கம் இருக்கும், ஆங்கிலத்தில் கலைச்சொற்கள் இருக்கும். இஸ்லாமிய கற்கைகள், அரபு மொழிப் பீடம் என்றால் நடுவே ஆயத்தும் ஹதீஸும் அரபியில் வரும். குறிப்பெடுக்கும் செயலிகளோ பெரும்பாலும் ஆங்கிலத்தை மனதில் வைத்துச் செய்யப்பட்டவை. அதனால் பக்கத்தை அழகாக்கும் வேலையை நாம் நிறத்திலிருந்து தொடங்கப் போவதில்லை. எழுத்திலிருந்து தொடங்குவோம்.

எந்தச் செயலி?

நோஷன், வன்நோட், ஒப்சிடியன் என்று பல உண்டு. நோஷனில் அட்டைப்படம், ஐகன் எல்லாம் வைத்துப் பக்கத்தை விரைவில் அழகாக்கிவிடலாம். ஆனால் நாம் விரும்பும் தமிழ் எழுத்துருவை அதற்குள் கொண்டுவர முடியாது. ஒப்சிடியனில் முடியும். அது இணையம் இல்லாமலும் வேலை செய்யும். குறிப்புகள் நம் லெப்டொப்பிலேயே சாதாரண எழுத்துக் கோப்புகளாக இருக்கும். ஆகவே இந்த வழிகாட்டியில் ஒப்சிடியனையே எடுத்துக்கொள்வோம்.

எவ்வளவு செலவு?

செயலி இலவசம். இங்கே சொல்லப்போகும் தீம்களும் எழுத்துருக்களும் இலவசம்தான். லெப்டொப்பையும் போனையும் தானாக இணைத்து வைக்கும் சிங்க் சேவைக்குக் கட்டணம் உண்டு. வருடத்துக்குச் சேர்த்துக் கட்டினால் மாதம் 4 டொலர். ஒரு டொலர் 300 ரூபாய் என்று வைத்தால் மாதம் 1,200 ரூபாய், ஒரே தடவையில் 14,400 ரூபாய். தொடக்கத்தில் இது தேவையே இல்லை. குறிப்புகள் இருக்கும் கோப்புறையை யூஎஸ்பி வயரால் போனுக்குப் பிரதி எடுத்தால் போதும்.

முதலில் எழுத்துரு

விண்டோஸில் நாம் எதுவும் செய்யாவிட்டால் தமிழ் நிர்மலா யூஐ எழுத்துருவில் தெரியும். அது மோசமில்லை. ஆனால் மணிக்கணக்கில் வாசிக்க நோட்டோ செரிஃப் தமிழ் அல்லது முக்த மலர் கண்ணுக்கு இதமானது. அரபுக்கு அமிரி. கெய்ரோவின் புலாக் அச்சகம் 1905இல் பயன்படுத்திய நஸ்க் எழுத்தைத் தழுவியது அது. ஹரகத் குறிகள் அதில் ஒன்றோடொன்று மோதாமல் தெளிவாக நிற்கும்.

இவற்றை கூகுள் ஃபொன்ட்ஸ் தளத்தில் இறக்கி, சுருக்கிய கோப்பை விரித்து, எழுத்துருக் கோப்பில் வலது சொடுக்கி நிறுவுவோம். ஒப்சிடியனை மூடித் திறப்போம். பிறகு செட்டிங்ஸ், அப்பியரன்ஸ், டெக்ஸ்ட் ஃபொன்ட் என்று போய், தமிழ் எழுத்துருவை முதலாவதாகவும் அமிரியை இரண்டாவதாகவும் சேர்ப்போம்.

இந்த வரிசை முக்கியம். ஓர் எழுத்து முதல் எழுத்துருவில் இல்லையென்றால்தான் செயலி அடுத்ததைத் தேடும். அமிரிக்குள் ஆங்கில எழுத்துகளும் இருப்பதால், அதை முதலில் வைத்தால் ஆங்கிலச் சொற்களும் அதன் வடிவத்துக்கு மாறிவிடும்.

அளவும் வரி இடைவெளியும்

எழுத்தின் அளவு 16இல் இருக்கும். 18க்கு உயர்த்துவோம். வரி இடைவெளி 1.5; ஆங்கிலத்துக்கு அது தாராளம். தமிழில் 'கீ', 'ணி' மேலே எழும்புகின்றன, 'கு', 'மூ' கீழே வளைகின்றன. நமக்கு 1.7 அல்லது 1.8 வேண்டும். அரபு வரிகள் கலந்தால் 1.8 என்றே வைத்துக்கொள்ளலாம். வேறெதற்கும் நேரமில்லை என்றாலும் இந்த ஒன்றையாவது செய்துவிடுங்கள்.

வரி இடைவெளியை மாற்ற எளிய வழி மினிமல் தீம். அப்பியரன்ஸ் பகுதியில் தீம்ஸ் என்பதற்குப் பக்கத்திலுள்ள மேனேஜ் பொத்தானை அழுத்தி, மினிமல் என்று தேடி நிறுவுவோம். அடுத்து கொம்யூனிட்டி பிளகின்ஸ் பகுதியில் மினிமல் தீம் செட்டிங்ஸ் என்பதையும் நிறுவுவோம். வரி இடைவெளி, வரியின் அகலம் இரண்டையும் அங்கே எண்ணாகவே கொடுக்கலாம். கோடிங் எதுவும் தெரிந்திருக்க வேண்டியதில்லை.

நிறம்

பகலில் வெளிர் பின்னணி, இரவில் கருமை. அடாப்ட் டு சிஸ்டம் என்று விட்டால் கணினியோடு சேர்ந்து தானாக மாறும். இணைப்புகளுக்கும் பொத்தான்களுக்கும் ஒரே ஓர் அக்சென்ட் நிறம் தெரிவு செய்யுங்கள். ஒவ்வொரு பாடத்துக்கும் ஒரு நிறம் என்று தொடங்கினால் பரீட்சைக் காலத்தில் எந்த நிறம் எதற்கு என்று நினைவிருக்காது.

பக்கத்துக்குள் ஒழுங்கு

தலைப்புக்கு # குறி, உபதலைப்புக்கு ## குறி. இரண்டு மட்டம் போதும்.

குறிப்பைப் பெட்டிக்குள் வைக்க, எழுதும் இடத்தில் வலது சொடுக்கி இன்சர்ட், கோல்அவுட் என்று போவோம். வரையறைக்கு நோட் வகை, நீலம். பரீட்சையில் வரக்கூடியதற்கு வோர்னிங் வகை, செம்மஞ்சள். ஆயத்துக்கும் மேற்கோளுக்கும் கோட் வகை, சாம்பல். வகைப் பெயரை மூடும் சதுர அடைப்புக்குறியை ஒட்டி ஒரு கழித்தல் குறி போட்டால் பெட்டி சுருங்கியே இருக்கும். கேள்வியைத் தலைப்பாகவும் விடையை உள்ளேயும் எழுதிவிட்டால், படிக்கும் பக்கமே நம்மைச் சோதித்துப் பார்க்கும்.

அரபு வசனத்தை எப்போதும் தனி வரியில் இடுங்கள். வரி அரபு எழுத்தில் தொடங்கினால் வலமிருந்து இடமாக ஓடும். தமிழ் வரிக்கு நடுவே செருகினால் ஆயத்து இலக்கமும் அடைப்புக்குறியும் இடம் மாறி நிற்கும். ஓதும் வசனத்தில் அந்தக் குழப்பம் கூடாது.

சாய்வெழுத்தைத் தமிழுக்குப் பயன்படுத்த வேண்டாம். செயலி நேர் எழுத்தைத்தான் வளைத்துக் காட்டுகிறது, வாசிக்கக் கடினம். தடித்த எழுத்து போதும்.

பாமினிக் குறிப்புகள்

நம் பக்கத்துப் பழைய வினாத்தாள்களும் கையேடுகளும் பாமினி எழுத்துருவில்தான் அதிகம். அவற்றைப் பிரதி செய்து ஒட்டினால் ஆங்கில எழுத்துகளும் குறிகளும் கலந்த குவியலாக வரும். பாமினியையே டெக்ஸ்ட் ஃபொன்ட்டாக வைத்துச் சமாளிக்க முயலாதீர்கள். உண்மையான ஆங்கிலச் சொற்கள் சிதையும், தமிழில் தேடவும் முடியாது. சுரதாவின் எழுத்துரு மாற்றி போன்ற ஒன்றில் யூனிகோடாக மாற்றிய பிறகு ஒட்டுவோம். மாற்றியபின் ஒருமுறை வாசித்துப் பாருங்கள். ஆங்கிலமும் கலந்த பத்தி என்றால் அந்தச் சொற்களும் சேர்ந்து தமிழாகியிருக்கும்.

கவனம்

தீம் தோற்றத்தை மட்டும் மாற்றும். பிளகின் அப்படியல்ல, நம் கோப்புகளை வாசிக்கவும் மாற்றவும் அதனால் முடியும். பலர் பயன்படுத்துபவற்றை மட்டும், தேவைக்கு மட்டும் நிறுவுவோம்.

லெப்டொப்பில் நிறுவிய எழுத்துரு போனுக்குத் தானாக வராது. அங்கே போனின் சொந்தத் தமிழ் எழுத்தே தெரியும். வயரால் பிரதி எடுப்பவர்கள் ஒரே குறிப்பை இரண்டு இடத்திலும் திருத்த வேண்டாம். ஒன்றின் மேல் மற்றது எழுதப்பட்டுவிடும்.

ஒப்படையாகக் கொடுக்க வேண்டியதை எக்ஸ்போர்ட் டு பிடிஎஃப் மூலம் ஏ4 அளவில் எடுக்கலாம். சுருக்கி வைத்த பெட்டிகளின் கழித்தல் குறியை அதற்கு முன் நீக்கிவிடுங்கள். முதலில் ஒரு சிறு குறிப்பை மட்டும் எடுத்துப் போனில் திறந்து பார்ப்போம். தமிழும் அரபும் சரியாக நின்றால் முழுவதையும் எடுத்து அனுப்பலாம்.